கேத்தலின் இரைச்சலும் பம்பியின் கரகரப்பும்

பாசிக்குடாவில் அத்தான் நான்கு அறைகளோடு ஒரு சிறு விடுதி நடத்துகிறார். கூரைத் தட்டில் சூரிய வெப்பத்தால் சுடும் தண்ணீருக்கு ஒரு தாங்கி. அதற்குப் பக்கத்தில், ஏறக்குறைய அதே உயரத்தில், அந்தச் சுடுதண்ணீரை அறைகளுக்குத் தள்ளும், சுவரில் பூட்டிய பம்பி. காலையில் அது சத்தமே போடாது. பகல் இரண்டு மணிக்கு மேல் யாராவது குளிக்கப் போனால், குழாய்க்குள் குறுணிக்கல்லை அள்ளிக் கொட்டுவதுபோல் கரகரக்கும். வந்து பார்த்த ஒருவர் பம்பியையே மாற்றச் சொல்லிவிட்டுப் போனார்.

எனக்கு அந்த ‘இரண்டு மணி’தான் உறுத்தியது. மோட்டரின் அச்சைத் தாங்கும் பெயாரிங் தேய்ந்திருந்தால் விடியற்காலையிலும் ஊளையிடுமே! வெயிலோடு சேர்ந்து சத்தமும் ஏறுகிறது என்றால், முதலில் சந்தேகப்பட வேண்டியது தண்ணீரின் சூட்டை.

தேநீருக்கு வைக்கும் கேத்தலைக் கவனித்திருப்பீர்கள். கொதிப்பதற்குச் சற்று முன்னர்தான் அது பலமாக இரையும். தளதளவென்று கொதித்ததும் அடங்கிவிடும். அடியில் உண்டாகும் ஆவிக்குமிழிகள் மேலே உள்ள சூடு குறைந்த தண்ணீரைத் தொட்டதும் நசுங்குகின்றன. அந்த நசுங்கலே இரைச்சல். பம்பிக்குள் நடப்பதும் இதுதான். கேத்தலில் குமிழியை உண்டாக்குவது சூடு, பம்பியில் அமுக்கக் குறைவு.

பம்பி தண்ணீரை இழுக்கிறது என்று சொல்வது பேச்சு வழக்கு. உண்மையில் சுழல்சக்கரத்தின் நடுவில் அமுக்கம் குறைகிறது. வெளிக்காற்றும் தாங்கியில் நிற்கும் தண்ணீரின் எடையும் தண்ணீரை அங்கே தள்ளிவிடுகின்றன. கடல்மட்டத்தில் காற்றின் அமுக்கம் சுமார் 101 கிலோபஸ்கால். 30 பாகை செல்சியஸ் தண்ணீர் கொதிக்க வேண்டுமானால் அமுக்கம் 4 கிலோபஸ்கால் வரை இறங்க வேண்டும். 70 பாகைத் தண்ணீருக்கோ 31க்கு இறங்கினாலே போதும். காலையில் ஒழுங்காக ஓடிய அதே பம்பி பின்னேரத்தில் தன் வயிற்றுக்குள்ளேயே தண்ணீரைக் கொதிக்க வைக்கிறது. குமிழிகள் சக்கரத்தின் ஓரத்துக்குப் போனதும் அமுக்கம் கூடுகிறது. அவை நசுங்கி, உலோகத்தில் சுத்தியலடிபோல் மோதுகின்றன. இந்த நசுங்கலின் அமுக்கத்தை ஆங்கிலேயப் பௌதிகவியலாளர் ரேலி பிரபு 1917இல் கணக்கிட்டார். அவரை அந்தக் கணக்குக்கு இழுத்தது கப்பல்களின் சுழல்விசிறிகளில் விழுந்த அரிப்பு.

சத்தம் எங்கிருந்து வருகிறது என்று தேட ஒரு நீண்ட திருப்புளி போதும். நுனியைப் பம்பியின் உடலில் வைத்து, பிடியைக் காதோடு ஒட்டிக் கேட்க வேண்டும். மட்டக்களப்பின் கல்லடிப் பாலத்தடியில் துடுப்பின் ஒரு முனையை வாவியில் விட்டு மறுமுனையில் காதை வைத்து மீனின் பாட்டைக் கேட்கும் ஊர்க்காரருக்கு இதைச் சொல்லித்தர வேண்டியதில்லை. தண்ணீரிலிருந்து காற்றுக்குத் தாவும்போது ஒலியின் பெரும்பகுதி திரும்பிவிடுகிறது. திண்மத்தின் வழியே அது காதுவரை வந்து சேரும். எங்களுக்குக் கரகரப்பு மோட்டர்ப் பக்கம் மெலிதாகவும், தண்ணீர் நுழையும் பக்கம் உரத்தும் கேட்டது.

அடுத்து, வெளியேறும் பக்க வால்வைச் சற்று மூடினோம். ஓட்டம் குறைந்ததும் கரகரப்பும் குறைந்தது. (நுழையும் பக்க வால்வில் இதைச் செய்யாதீர்கள், அமுக்கம் இன்னும் சரியும்.) குழாயில் காற்று புகுந்திருக்குமோ என்று அத்தான் கேட்டார். அப்படியானால் கண்ணாடிக் குவளையில் பிடித்த தண்ணீர் பால்போலக் கலங்கி, அடியிலிருந்து மேலாகத் தெளியும். எங்கள் குவளை தெளிவாகவே இருந்தது. ஆவிக்குமிழிகள் குவளைவரை வருவதில்லை, பம்பிக்குள்ளேயே செத்துவிடுகின்றன.

மின்சாரத்தை நிறுத்தி, தண்ணீர் ஆறும்வரை காத்திருந்து, நுழைவழியிலிருந்த வடிகட்டியைக் கழற்றினோம். கேத்தலின் அடியில் படியும் அதே வெள்ளைக் காறல், வலைக் கண்களில் பாதிக்கு மேல் அடைத்திருந்தது. கிணற்றுத் தண்ணீரில் கரைந்திருக்கும் சுண்ணாம்பு சூட்டில் இப்படித்தான் பிரிந்து படியும். வினாகிரியில் ஊறவைத்துத் தேய்த்ததும் வலை வெளிச்சம் காட்டியது. சக்கரத்தின் ஓரத்தில் ஊசியால் குத்தியதுபோல் சில புள்ளிகள் இருந்தன. ஆனாலும் பம்பி இன்னும் ஓடும். பம்பியைத் தாங்கிக்கு இரண்டு மீற்றர் கீழே இறக்கினால், மீற்றருக்குச் சுமார் 10 கிலோபஸ்கால் வீதம் நுழைவழியில் அமுக்கம் கூடும். அதைச் செய்யச் சொன்னேன். சீசன் முடியட்டும் என்றார்.

அன்று பின்னேரம் கரகரப்பு இல்லை. மெல்லிய ஒரு ‘ம்ம்ம்’ மட்டும் எஞ்சியது. அது பழுது அல்ல. நமது மின்சாரம் விநாடிக்கு 50 சுற்று. ஒவ்வொரு சுற்றிலும் காந்தம் இருமுறை இழுப்பதால் மோட்டர் 100 ஹேர்ட்ஸில் முனகுகிறது. சுவரும் சேர்ந்து அதிர்ந்தால் முனகல் பெருகும். பழைய ரியூப்பில் நான்கு துண்டு வெட்டிப் பூட்டாணிகளுக்கு அடியில் வைத்தோம். மூன்றாம் அறைச் சுவரில் காதை அழுத்தினால் இன்னும் கேட்கும். அத்தான் அழுத்தித்தான் பார்த்தார்.