அப்போக்கிரிபா: தள்ளுபடியா, இணைத்திருமுறையா, புறநூலா?

தோபித்து, யூதித்து, சாலமோனின் ஞானம், சீராக்கின் ஞானம், பாரூக்கு, மக்கபேயர் இரண்டு. இந்த ஏழு நூல்களும் கத்தோலிக்கர் பைபிளில் உண்டு, சீர்திருத்த சபையார் பைபிளில் பெரும்பாலும் இருக்காது. இவற்றைத்தான் அப்போக்கிரிபா என்கிறார்கள், தமிழில் 'தள்ளுபடி ஆகமங்கள்' என்று எழுதுகிறோம். இந்தத் தமிழ்ச்சொல் எனக்கு உடன்பாடில்லை.

கிரேக்கத்தில் அப்போக்ரிஃபோஸ் என்றால் ஒளித்து வைத்தது, அவ்வளவுதான். தள்ளுவது என்ற பொருளே அதில் கிடையாது. சொல்லப்போனால், இரகசிய ஞானத்தால்தான் மீட்பு என்று நம்பிய சில ஞானவாதக் குழுக்கள் தங்கள் நூலுக்குத் தாங்களே பெருமையாக வைத்துக்கொண்ட பெயர் அது: 1945இல் எகிப்தின் நாக் ஹம்மாதியில் கிடைத்த ஏடுகளில் ஒன்றின் தலைப்பே 'யோவானின் அப்போக்ரிஃபோன்'. அந்தக் குழுக்களை எதிர்த்த இரனேயு போன்ற ஆயர்கள் அதே சொல்லைப் போலி என்பதற்குப் பக்கத்தில் வைத்துப் பேசப் பேச, அதற்குக் கெட்ட பெயர் ஒட்டிக்கொண்டது. அப்புறம் 4ஆம் நூற்றாண்டின் கடைசியில் ஜெரோம் என்ற அறிஞர் பைபிளை லத்தீனில் மொழிபெயர்க்கும்போது, யூதர்களின் எபிரேய வேதப் பட்டியலில் இல்லாதவை எல்லாம் அப்போக்கிரிபா என்று எழுதிவிட்டார். கிரேக்க மொழிபெயர்ப்பு வழியாகத் திருச்சபை வாசித்து வந்த தோபித்தும் சீராக்கும் அப்படித்தான் இந்தப் பெயருக்குள் வந்தன.

சீர்திருத்தத்தைத் தொடங்கிய லூத்தர்கூட இவற்றைத் தூக்கி எறியவில்லை. தன் 1534 ஜெர்மன் பைபிளில் தனிப்பகுதியாக வைத்து, வேதத்துக்குச் சமமில்லை, ஆனாலும் வாசிக்க நல்லவை, பயனுள்ளவை என்று குறிப்பும் எழுதினார். 1611இன் ஆங்கில கிங் ஜேம்ஸ் பதிப்பிலும் இருந்தன. பிரிட்டனின் வேதாகமச் சங்கம் இவற்றை அச்சிடப் பணம் தருவதில்லை என்று முடிவெடுத்தது 1826இல்தான்! கத்தோலிக்கத் தரப்பில் ஆயர்கள் கூடிய திரெந்து பொதுச்சங்கம் 1546இல் இவற்றை வேதம் என்றே உறுதி செய்தது. 1566இல் சீயன்னா நகர சிக்ஸ்துஸ் என்ற கத்தோலிக்க அறிஞர் இவற்றுக்கு 'இரண்டாம் திருமுறை' (திருமுறை என்றால் இங்கே வேதம் என்று ஏற்ற நூல்களின் பட்டியல்) என்ற பொருளில் வேறு பெயரே கொடுத்தார். தமிழ்த் திருவிவிலியம் 'இணைத்திருமுறை' என்பது அதைத்தான்.

சரி, ஆய்வுக் கட்டுரையில் எதை எழுதுவது? இந்த ஏழுக்கும் இணைத்திருமுறை போதும், தெளிவாக இருக்கிறது. சிக்கல், இந்த ஏழுக்கு வெளியே அப்போக்கிரிபா என்றே அழைக்கப்படும் மற்ற நூல்களில். தோமையார் இந்தியாவில் கொந்தோபரஸ் அரசனுக்கு அரண்மனை கட்ட வந்த கதையைச் சொல்லும் 'தோமாவின் பணிகள்' ஒரு அப்போக்கிரிபா. அதைத் தள்ளுபடி என்று சொன்ன மாத்திரத்தில், அந்தக் கதையை எழுதிய 3ஆம் நூற்றாண்டு சிரியக் கிறிஸ்தவர்கள் என்ன நம்பினார்கள் என்று கேட்பதற்கு முன்பே தீர்ப்பு எழுதிவிடுகிறோம். 'மறைநூல்' என்று நேராக மொழிபெயர்க்கவும் வழியில்லை, தமிழில் மறை என்றால் வேதம், விவிலியத்துக்கே மறைநூல் என்றுதான் பெயர்.

இப்படிப்பட்ட நூல்களுக்கு நான் 'புறநூல்' என்று எழுதுகிறேன். யூத ரபிகள் மிஷ்னா என்ற தங்கள் சட்டத் தொகுப்பில் சொல்லும் பெயரும் 'வெளிநூல்கள்' என்பதுதான். பட்டியலுக்கு வெளியே இருக்கிறது என்ற தகவலை மட்டும் இந்தச் சொல் தருகிறது, மட்டம் தட்டுவதில்லை. சாக்கடல் அருகே கும்ரான் குகைகளில் கிடைத்த பழைய யூத ஏடுகளுக்கிடையே தோபித்தின் அரமேய, எபிரேயத் துண்டுகள் கிடைத்த பிறகும் இவற்றைத் தள்ளுபடி என்றே எழுதிக்கொண்டிருப்பது ஆய்வுக்கு நியாயமில்லை.