பிரின்சிபால் வேலை வேறொருவருக்குப் போய்விட்டதா? 90 நாளைத் தவறவிடாதீர்கள்

தென்னாப்பிரிக்காவில், டர்பனின் சாட்ஸ்வர்த், ஃபீனிக்ஸ் பக்கம் நம்மவர்களில் அரசுப் பள்ளி ஆசிரியர்கள் நிறைய. பிரின்சிபால், டெபுடி வேலைக்கு விண்ணப்பித்து, இன்டர்வியூவும் நன்றாகப் போய், கடைசியில் வேறு பெயர் வந்துவிட்டது என்று மனம் கசந்து பேசுவார்கள். பேசிப் பேசியே மாதங்கள் ஓடிவிடுகின்றன, அதுதான் எனக்குப் பெரிய ஆதங்கம்.

1998-ஆம் ஆண்டின் ஆசிரியர் பணிச் சட்டம், 6-ஆம் பிரிவுப்படி சிபாரிசு செய்வது பள்ளி ஆட்சிக் குழு, நியமிப்பது மாகாணக் கல்வித் துறைத் தலைவர். குழு முன்னுரிமை வரிசையில் குறைந்தது மூன்று பெயர் தர வேண்டும், அவரோடு கலந்து பேசினால் குறைவாகவும் தரலாம். முதல் பெயரைத்தான் அவர் எடுக்க வேண்டும் என்றில்லை. அதற்காக இஷ்டப்படியும் எடுக்க முடியாது: மோசல் பேயில் உள்ள பாயின்ட் ஹை ஸ்கூல் வழக்கில், குழு முதலிடம் கொடுத்தவர்களை விட்டுவிட்டு மற்றவர்களை நியமித்ததை உச்ச மேல்முறையீட்டு நீதிமன்றம் 2008-இல் செல்லாது என்றது.

சரி, உங்கள் விஷயத்துக்கு வருவோம். ஏற்கெனவே பணியில் இருக்கும் ஆசிரியருக்குப் பதவி உயர்வு அநியாயமாக மறுக்கப்பட்டால், தெரியவந்த நாளிலிருந்து 90 நாளுக்குள் இ.எல்.ஆர்.சி.யில் (கல்வித் துறைத் தொழிலுறவு மன்றம்) முறையிட வேண்டும். தாண்டினால் தாமதத்துக்குத் தக்க காரணம் காட்ட வேண்டும், ஏற்பார்கள் என்ற உறுதி கிடையாது. புதிதாக வேலை தேடுபவர் இந்த வழியில் போக முடியாது. இனம், பாலினம், மதம் பார்த்து ஒதுக்கினார்கள் என்றால் வேலைவாய்ப்புச் சமத்துவச் சட்டப்படி ஆறு மாதத்துக்குள் சி.சி.எம்.ஏ.வுக்கு (தொழில் தகராறுகளுக்கான சமரச, மத்தியஸ்த ஆணையம்) போகலாம்.

முடிவு தெரிந்த முதல் வாரமே, 2000-ஆம் ஆண்டின் தகவல் பெறும் சட்டத்தில் ஆவணங்களைக் கேட்டுவிடுங்கள், ஏனென்றால் பதிலுக்கே 30 நாள் போய்விடும். குழுக் கூட்டக் குறிப்பு, இன்டர்வியூவுக்குப் பெயர்களைச் சுருக்கிப் பட்டியல் போட்ட அளவுகோல், ஒவ்வொருவரும் போட்ட மதிப்பெண் தாள் எல்லாம் வேண்டும். கூட்டுத்தொகை சரியா, அடித்துத் திருத்தியிருக்கிறார்களா, எல்லோரிடமும் ஒரே கேள்விதானா, விண்ணப்பித்தவரின் உறவினர் குழுவில் உட்கார்ந்திருந்தாரா, ஆசிரியர் சங்கப் பார்வையாளர்களுக்கு முன்கூட்டியே சொன்னார்களா என்று வரி வரியாகப் பாருங்கள்.

பலர் சறுக்குவது இங்கேதான்: நடைமுறையில் ஓட்டை இருந்தது என்று காட்டினால் மட்டும் பதவி கைக்கு வராது, அந்த ஓட்டை இல்லாவிட்டால் வேலை உங்களுக்கே கிடைத்திருக்கும் என்றும் நிரூபிக்க வேண்டும். மதிப்பெண்ணில் நான்காவதாக வந்தவருக்கு இது ரொம்பக் கஷ்டம். நஷ்டஈடாகக் கிடைப்பது அதிகபட்சம் 12 மாதச் சம்பளம். நியமனத்தையே ரத்து செய்யக் கேட்டால், அந்த வேலையில் உட்கார்ந்திருப்பவரையும் வழக்கில் சேர்க்க வேண்டும்.

காசுக்கு வேலை விற்கப்படுவது பற்றி கல்வி அமைச்சர் அமைத்த ஜான் வோல்மிங்க் குழு 2016-இல் அறிக்கையே கொடுத்திருக்கிறது, அதனால் அப்படி ஏதாவது நடந்ததற்கு ஆதாரம் இருந்தால் மறைக்காதீர்கள், போலீசிலும் புகார் கொடுங்கள்.

மனு போட வக்கீல் தேவையில்லை, நீங்களோ சங்கமோ போடலாம். ஆனால் நகலைக் கல்வித் துறைக்கும் கொடுத்து, கொடுத்ததற்கான அத்தாட்சியை மனுவோடு சேர்த்து வையுங்கள்.