இண்டி: சொல்லும் பொருளும்

சின்ன பட்ஜெட், புதுமுகங்கள், பாட்டு இல்லை என்றாலே ‘இண்டி படம்’ என்று சொல்லிவிடுகிறோம். சொல்லுக்கும் பட்ஜெட்டுக்கும் நேரடித் தொடர்பு கிடையாது. இது ‘இண்டிபெண்டெண்ட்’ என்பதன் சுருக்கம். யார் பிடியிலும் சிக்காத படம் என்று பொருள்.

முதலில் அந்தப் பிடி எடிசனுடையது. 1908இல் அவரும் கூட்டாளிகளும் கேமரா, புரொஜெக்டர் காப்புரிமைகளை ஒன்றுசேர்த்து ஒரு கூட்டமைப்பு வைத்தார்கள். படம் எடுக்கவும் ஓட்டவும் அவர்களிடம் உரிமம் வாங்க வேண்டும். வாங்க மறுத்தவர்களுக்கு அமெரிக்காவில் விழுந்த பெயர்தான் ‘இண்டிபெண்டெண்ட்’. அவர்களில் ஒருவரான கார்ல் லெம்லி 1909இல் தொடங்கிய கம்பெனியின் பெயரிலேயே அந்தச் சொல் இருந்தது. வேடிக்கை என்னவென்றால், இதே லெம்லி மற்றவர்களோடு சேர்ந்து 1912இல் ஆரம்பித்ததுதான் யுனிவர்சல். அப்புறம் வந்த இண்டிக்காரர்கள் விலகி ஓடியது இப்படிப்பட்ட ஸ்டூடியோக்களிடமிருந்துதான்.

இன்று இந்தச் சொல் அச்சாகப் பொருந்துவது அசாமின் ரீமா தாஸுக்கு. நடிக்கும் ஆசையில் மும்பை போனவர். திரைப்படக் கல்லூரியில் படித்தவர் அல்ல. சொந்த ஊரான கலர்தியாவில், ஊர்ப் பிள்ளைகளை நடிக்கவைத்து ‘வில்லேஜ் ராக்ஸ்டார்ஸ்’ (2017) எடுத்தார். எழுத்து, இயக்கம், ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, தயாரிப்பு எல்லாம் அவரே. கால்ஷீட் கணக்குக் கேட்க முதலாளி இல்லாததால் படப்பிடிப்பு ஆண்டுக்கணக்கில் நீண்டது. மழையும் வெள்ளமும் அதனதன் பருவத்தில் வந்து படத்தில் சேர்ந்துகொண்டன. 2018இல் சிறந்த படத்துக்கான தேசிய விருது கிடைத்தது. அந்த ஆண்டு ஆஸ்கருக்கு இந்தியா அனுப்பியதும் இதைத்தான்.

சரி, தமிழில் என்ன சொல்வது? ‘சுதந்திரப் படம்’ என்றால் 1947தான் ஞாபகம் வரும். ‘சுயாதீனத் திரைப்படம்’ பரவலாகப் புழங்குகிறது. தன் வசத்தில் இருப்பது என்ற பொருள் சரியே. ஆனால் ஆதீனம் என்றதும் நமக்கு மடம் கண்முன் வந்து நிற்கிறது. என் ஓட்டு ‘தற்சார்புத் திரைப்படம்’ என்பதற்கே. தன் + சார்பு, தற்காப்பு போலப் புணர்ந்த சொல். இயற்கை வேளாண்மை பேசுகிறவர்கள் ஏற்கெனவே காதுக்குப் பழக்கியும் வைத்திருக்கிறார்கள்.

ஓர் இடத்தில் மட்டும் இது இடிக்கும். தமிழில் ‘அக்ரகாரத்தில் கழுதை’ எடுத்த ஜான் ஆபிரகாம், பிறகு ஒடேசா என்ற குழு அமைத்து, கேரளத்தில் மக்களிடமே பணம் திரட்டி ‘அம்ம அறியான்’ (1986) எடுத்தார். அதுவும் இண்டிதான். ஆனால் ஊரே காசு போட்ட படத்தைத் தற்சார்பு என்பதைவிட ‘மக்கள் முதலீட்டுப் படம்’ என்பதே பொருத்தம்.