இரண்டும் 1080பி, ஒன்று 8 ஜிபி, மற்றது 2 ஜிபி: எப்படி?

ஒரே படத்துக்கு இரண்டு கோப்புகள் வைத்திருக்கிறார் ஒரு வாசகர். இரண்டின் பெயரிலும் 1080பி. எக்ஸ்264 என்று போட்டது 8 ஜிபி. எக்ஸ்265 என்று போட்டது 2 ஜிபி. சின்னதை டிவியில் போட்டால் சத்தம் மட்டும் வருகிறதாம். ஏன் என்று கேட்கிறார்.

1080பி என்பது வெறும் பிக்சல் கணக்கு: அகலம் 1920, உயரம் 1080. தரத்துக்கு அது உத்தரவாதமில்லை. கோப்புப் பெயரின் கடைசியில் வரும் எம்கேவி, எம்பி4 எல்லாம் பெட்டிகள். படமும் ஒலியும் சப்டைட்டிலும் உள்ளே தனித்தனியாக இருக்கும். படத்தை எந்த முறையில் சுருக்கினார்கள் என்பதைச் சொல்வது எக்ஸ்264, எக்ஸ்265தான்.

வீடியோ என்பது வேகமாக மாறும் நிலைப்படங்களின் வரிசை; ஒவ்வொன்றும் ஒரு பிரேம். சுருக்காவிட்டால் ஒரு பிரேமே சுமார் 6 எம்பி. நொடிக்கு 24 பிரேம் என்றால் இரண்டு மணி நேரப் படம் ஒரு டெராபைட்டைத் தாண்டிவிடும். நல்லவேளை, அடுத்தடுத்த பிரேம்களில் பெரிய மாற்றம் இருக்காது. அதனால் எப்போதாவது ஒரு பிரேமை முழுசாக எழுதிவிட்டு, மற்றவற்றில் 'இந்தக் கட்டம் வலப்பக்கம் 5 பிக்சல் நகர்ந்தது' என்ற குறிப்பையும், அதற்கு மேல் மிஞ்சும் வித்தியாசத்தையும் மட்டும் எழுதுகிறார்கள்.

இதில் எனக்கு மிகவும் பிடித்தது இருதிசை பிரேம். ஒரு கார் நகர்கிறது. அது மறைத்திருந்த சுவர் தெரிகிறது. முந்தைய பிரேமில் அந்தச் சுவர் கிடையாது, அடுத்ததில் இருக்கிறது. சரி, அங்கிருந்தே எடுத்துக்கொள்! ஆனால் இன்னும் வராத பிரேமிலிருந்து எப்படி எடுப்பது? கோப்பில் பிரேம்களை முன்பின்னாக எழுதிவிடுகிறார்கள்: 1, 4, 2, 3. பிளேயர் நான்காவதை முதலில் பிரித்துக் கையில் வைத்துக்கொள்ளும். அதை வைத்து 2, 3 இரண்டையும் உருவாக்கிக் காட்டிவிட்டு, அப்புறம்தான் 4ஐத் திரைக்கு அனுப்பும். நாம் பார்க்கும் ஒவ்வொரு நொடியிலும் இந்தக் கூத்து நடக்கிறது.

மிஞ்சும் வித்தியாசத்தைச் சுருக்கும் கணிதத்துக்கு வேர், படக் கட்டத்தை அலைகளின் கூட்டாக மாற்றி எழுதும் டிசிடி என்ற உருமாற்றம். அதை ஆராய நசீர் அகமது என்ற பொறியாளர் 1972இல் அமெரிக்காவின் தேசிய அறிவியல் அறக்கட்டளையிடம் நிதி கேட்டார், கிடைக்கவில்லை. கட்டுரை 1974இல் வெளிவந்தது. நிதிக்குழுக்களின் தீர்ப்பை நான் பெரிதாக மதிக்காததற்கு இதுவும் ஒரு காரணம்.

இனி டிவி. எக்ஸ்265 பயன்படுத்தும் ஹெச்.265 முறை வந்தது 2013இல். எக்ஸ்264 பயன்படுத்தும், 2003இல் வந்த ஹெச்.264 பிடிக்கும் இடத்தில் ஏறத்தாழப் பாதியிலேயே அதே தரத்தைத் தரும். இங்கே இருப்பதோ கால்வாசி; எனவே கொஞ்சம் நுணுக்கம் போயிருக்கும், இருட்டுக் காட்சிகளில் கவனித்துப் பாருங்கள். பழைய டிவியின் சிப்புக்கு ஹெச்.265 தெரியாது, ஒலி வேறு முறையில் இருப்பதால் அது மட்டும் கேட்கிறது. எம்கேவி என்பதை எம்பி4 என்று மாற்றி எழுதினால் ஓடும் என்பது சுத்த மூடநம்பிக்கை. பெயரை மாற்றினால் பெட்டிகூட மாறாது. கணினியில் விஎல்சி என்ற பிளேயரில் ஓடவிட்டு ஹெச்டிஎம்ஐ கேபிளால் டிவியோடு இணைத்துவிடுங்கள். 8 ஜிபி கோப்பு கையில் இருக்கும்போது அதுகூடத் தேவையில்லை.