மாலரின் காய்ச்சல்

இதய வால்வு பழுதடைந்தவர்கள் என் அறைக்கு வந்தால் இசையமைப்பாளர் குஸ்தாவ் மாலரைப் பற்றி இரண்டு வார்த்தை சொல்லாமல் அனுப்புவதில்லை. மேற்கத்திய இசை கேட்காதவர்களும் இந்தக் கதையைக் கவனமாகக் கேட்கிறார்கள்.

மாலர் 1860இல் பொகிமியாவில் பிறந்தவர். இன்று அவரைச் சிம்பொனிகளுக்காகக் கொண்டாடுகிறோம். வாழ்ந்த காலத்தில் அவருக்குச் சோறு போட்டது இசைக்குழு நடத்தும் வேலையும் நிர்வாகமும்தான். 1897இல் வியன்னா அரசவை ஓப்ராவின், அதாவது இசை நாடக அரங்கின், இயக்குநரானார். பத்து வருடம் அந்த நாற்காலி. பாடகர்களை ஒப்பந்தம் செய்வது, ஒத்திகை, வரவு செலவு, தணிக்கைக்காரர்களோடு மல்லுக்கட்டு எல்லாம் அவர் தலையில். தாமதமாக வருகிறவர்களை நிகழ்ச்சி நடுவில் உள்ளே விடக்கூடாது என்றார். காசு வாங்கிக்கொண்டு கைதட்டும் கூட்டத்தை ஒழிக்கப் பாடுபட்டார். தன் சொந்த இசையை எழுதக் கோடை விடுமுறை மட்டும்தான் மிஞ்சியது.

1901 பிப்ரவரியில் ஒரு நாள் மதியம் வியன்னா பில்ஹார்மோனிக் இசைக்குழுவின் கச்சேரி, மாலையில் ஓப்ரா என இரண்டையும் நடத்தி முடித்தார். அன்றிரவு மூலத்திலிருந்து ரத்தம் கொட்டி, உயிர் பிழைத்ததே பெரிய விஷயமானது. அப்புறம் பில்ஹார்மோனிக் பொறுப்பை விட்டார். ஓப்ராவை விடவில்லை.

1907 ஜூலையில் அவருடைய மூத்த மகள் மரியா, ஸ்கார்லெட் காய்ச்சலும் தொண்டை அடைப்பானும் வந்து இறந்துபோனாள். நான்கு வயதுக் குழந்தை. அந்தத் துக்க நாட்களில் வீட்டுக்கு வந்த உள்ளூர் மருத்துவர் மாலரின் நெஞ்சிலும் ஸ்டெதாஸ்கோப்பை வைத்துப் பார்த்தார். மருத்துவரின் முகம் மாறிவிட்டது. வியன்னாவில் நிபுணர் ஒருவர் பார்த்து அதை உறுதி செய்தார்: இதயத்தின் இடப்பக்க மேலறைக்கும் கீழறைக்கும் நடுவிலுள்ள மைட்ரல் வால்வில் பழுது.

அந்தப் பழுது அன்று வந்ததல்ல. பெரும்பாலும் இது சிறு வயதுத் தொண்டை வலியில் தொடங்குவது. ஐந்து வயதிலிருந்து பதினைந்து வயதுக்குள் ஸ்ட்ரெப்டோகாக்கஸ் என்ற கிருமி தொண்டையில் தொற்றும். சில பிள்ளைகளுக்கு, அந்தக் கிருமியை எதிர்க்கக் கிளம்பிய நோய் எதிர்ப்புச் சக்தியே மூட்டுகளையும் இதய வால்வையும் தாக்கிவிடும். இதுதான் ருமாட்டிக் காய்ச்சல். முழங்காலில் தொடங்கிய வலி இரண்டு நாளில் கணுக்காலுக்குப் போகும். 'வளர்ற வயசு, கால் வலிக்கத்தான் செய்யும்' என்று வீட்டில் விட்டுவிடுவார்கள். சில குழந்தைகளுக்குக் கை கால் தானாகத் துள்ளும். மாலரின் கால் சும்மா இருக்காமல் துடித்துக்கொண்டே இருக்கும் என்று பழகியவர்கள் எழுதியிருக்கிறார்கள். சிறு வயதில் வந்த அந்த நோயின் மிச்சமாக இருக்குமோ என்று பின்னாளில் சில மருத்துவர்கள் ஊகித்தார்கள். ஊகம்தான். ஆனால் அதைப் படித்ததிலிருந்து, கை கால் துள்ளுகிறது என்று கொண்டுவரும் பிள்ளைகளின் நெஞ்சில் கூடுதல் நேரம் காது வைக்கிறேன்.

மலையேற்றமும் நீச்சலும் சைக்கிளும் உயிரென்று இருந்த மனிதரை, நடக்கும் தூரத்தைக்கூட அளந்து நடக்கச் சொன்னார்கள். அவரும் அடி எண்ணும் கருவியோடு நடந்தார். இன்று நாங்கள் அப்படிக் கட்டிப்போடுவதில்லை. வால்வு எந்த நிலையில் இருக்கிறது என்று எக்கோ என்ற இதய ஸ்கேனில் பார்த்துவிட்டு, எவ்வளவு நடக்கலாம் என்று சொல்கிறோம்.

வேலையை மட்டும் அவர் குறைக்கவே இல்லை. 1908 முதல் நியூயார்க், முதலில் மெட்ரோபாலிட்டன் ஓப்ரா, 1909 முதல் நியூயார்க் பில்ஹார்மோனிக். 1911 பிப்ரவரி 21 அன்று காய்ச்சலோடு கார்னகி அரங்கில் நடத்தினார். அதுதான் கடைசிக் கச்சேரி.

காய்ச்சல் விட்டு விட்டு வந்தது. இம்மானுவேல் லிப்மன் என்ற நிபுணர் வந்து பார்த்தார். பழுதான வால்வில் ரத்தம் பாயும் மர்மர் சத்தம், வீங்கிய மண்ணீரல், கண்ணிலும் தோலிலும் சிவப்புப் புள்ளிகள். அவருடைய உதவியாளர் மாலரின் கையிலிருந்து ரத்தம் எடுத்து, கிருமி வளர்கிறதா என்று பார்க்கும் கல்ச்சர் சோதனைக்கு வைத்தார். நான்கைந்து நாளில் கிருமி வளர்ந்துவிட்டது. வாயில் சாதாரணமாக வாழும் ஸ்ட்ரெப்டோகாக்கஸ் வகை அது. பழுதான வால்வில் போய் ஒட்டிக்கொண்டால் ஆளையே தின்றுவிடும். உண்மையைச் சொல்லுங்கள் என்று மாலர் கேட்டார், சொன்னார்கள். பென்சிலின் நோயாளிகளின் கைக்கு வர இன்னும் முப்பது வருடம் இருந்தது. கப்பலேறி பாரிஸ், அங்கிருந்து வியன்னா. மே 18 அன்று இறந்தார். வயது 50. மகளின் பக்கத்திலேயே புதைத்தார்கள்.

நம்மிடம் மருந்து இருக்கிறது. அதனால்தான் எனக்கு ஆற்றாமை அதிகம்.

தையல் வேலை செய்யும் பெண் ஒருவர் ஐந்து வாரக் காய்ச்சலோடு வந்தார். அதற்குள் மருந்துக்கடையிலும் வேறு இரண்டு இடங்களிலும் ஆன்டிபயாடிக் மாத்திரை வாங்கிப் போட்டிருந்தார். போட்டதும் காய்ச்சல் இறங்கும், நிறுத்தியதும் ஏறும். பள்ளி நாட்களில், ருமாட்டிக் காய்ச்சல் திரும்ப வராமலிருக்க 21 நாளுக்கு ஒருமுறை பென்சிலின் ஊசி போட்டுக்கொண்டவர். கல்யாணத்துக்குப் பிறகு ஏன் நிறுத்தினீர்கள் என்றேன். "புகுந்த வீட்டுக்குத் தெரிஞ்சா என்ன நெனப்பாங்க சார்" என்றார். முதல் கல்ச்சரில் கிருமி வளரவில்லை. அரைகுறையாகப் போட்ட மாத்திரைகள் கிருமியை மறைத்துவிட்டன. எக்கோவில்தான் வால்வில் ஒட்டியிருந்த கிருமிக் கட்டியைப் பார்த்தோம். ஆறு வாரம் ஆஸ்பத்திரியில் நரம்பு வழி மருந்து.

உங்களுக்கோ வீட்டில் யாருக்கோ வால்வுக் கோளாறு இருந்து, காரணம் தெரியாமல் ஒரு வாரம் காய்ச்சல் நீடித்தால், எந்த ஆன்டிபயாடிக்கும் போடும் முன் ரத்தக் கல்ச்சர் எடுக்கச் சொல்லுங்கள். காய்ச்சலுக்குப் பார்க்கும் மருத்துவரிடம் முதல் வார்த்தையாக வால்வு விஷயத்தைச் சொல்லுங்கள், பல் மருத்துவரிடமும்தான். செயற்கை வால்வு வைத்தவர்களுக்கும், ஏற்கெனவே வால்வில் இந்தக் கிருமித் தொற்று வந்தவர்களுக்கும் பல் பிடுங்கும் முன்பே மருந்து கொடுக்க வேண்டியிருக்கும். பென்சிலின் ஊசி போடுபவர்கள் அந்த நாளைத் தவறவிடாதீர்கள். எப்போது நிறுத்தலாம் என்பதை மருத்துவர்தான் சொல்ல வேண்டும்.

அந்தப் பெண் இப்போது 21 நாளுக்கு ஒருமுறை வருகிறார். ஊசித் தேதி எழுதிய அட்டை அவர் கணவரின் சட்டைப்பையில் இருக்கிறது.