கரண்ட் போன பிறகு பயோஸ் சிப்பில் என்ன மிச்சம்?

"பயோஸ் அப்டேட் பண்ணும்போது கரண்ட் போயிருச்சு. இப்ப ஃபேன் மட்டும் சுத்துது, திரை கறுப்பு. கண்ணூறா இருக்குமோ?" பண்டாரவளையிலிருந்து ஒரு வாசகரின் கேள்வி.

கண்ணூறு இல்லவே இல்லை. ஏப்ரலிலும் ஒக்டோபரிலும் மலையகத்தில் பின்னேர இடிமழை வழமை. அந்த நேரத்தில் பயோஸில், அதாவது கணினியை முதலில் எழுப்பும் நிரலில், கை வைக்கக்கூடாது.

காரணம் மதர்போர்டில் பயோஸ் தங்கும் எட்டுக்கால் சிப்புக்குள் இருக்கிறது. அங்கே ஒவ்வொரு பிட்டும் காப்புப் படலம் சூழ்ந்த ஒரு சிறு கூடு. இலத்திரன்கள் அடைபட்டால் 0, வெளியேறினால் 1. எழுதுவதென்றால் 1-ஐ 0 ஆக்குவது மட்டுமே. திரும்ப 1 ஆக்க ஒரு பிட்டைத் தனியே தொட முடியாது. குறைந்தது 4 கிலோபைட் பகுதியை முழுதாக அழிக்க வேண்டும். அழிந்த இடமெங்கும் எஃப்எஃப், அதாவது எட்டுப் பிட்டும் 1 ஆன பைட். ஒரேயொரு 0-ஐ 1 ஆக்கவும் 4096 பைட் ஒருகணம் வெறுமையாகிறது! எத்தனை அழகான, எத்தனை ஆபத்தான ஏற்பாடு. அழித்த பின், புதியதை எழுதுமுன் கரண்ட் போனால் அந்த இடம் எஃப்எஃப் ஆகவே நின்றுவிடும்.

பெரும்பாலான பிசிகளில் உள்ள எக்ஸ்86 செயலி விழித்ததும் முதல் கட்டளையைத் தேடுவது வழமையாகச் சிப்பின் கடைசி 16 பைட்டில். அங்கே எஃப்எஃப் எஃப்எஃப் இருந்தால் அது செல்லாத கட்டளை. பிழையைக் கையாளும் நிரலும் இன்னும் ஏறவில்லை. செயலி அங்கேயே முடங்கும். ஃபேனுக்கு மின்சாரம் போதும், அது சுற்றும்.

மீட்க சிஎச்341ஏ புரோகிராமரும் (சிப்பை வெளியிலிருந்து படித்து எழுதும் சிறு பலகை), அதைச் சிப்பின் கால்களோடு இணைக்கும் கிளிப்பும் வேண்டும். மின்சாரத்தையும் பேட்டரிகளையும் கழற்றுங்கள். சிப்பின் எண்ணைப் பாருங்கள்: உதாரணமாக டபிள்யூ25கியூ64 என்பதன் பின்னால் எஃப்வி, ஜேவி என்றால் 3.3 வோல்ட், எஃப்டபிள்யூ, ஜேடபிள்யூ என்றால் 1.8, அதற்கு அடாப்டர் கட்டாயம். மலிவான கறுப்புப் பலகைகள் பல தரவுக் கால்களில் 5 வோல்ட் விடும். மீட்டரால் அளந்த பிறகே மாட்டுங்கள். சிவப்பு வயர் புள்ளியுள்ள முதலாம் காலுக்கு.

சிப்பைப் படித்து எழுதும் ஃப்ளாஷ்ரோம் மென்பொருளால் இரண்டு தரம் படித்து இரு கோப்புகளையும் ஒப்பிடுங்கள். வேறுபட்டால் கிளிப் சரியாகப் பிடிக்கவில்லை. கால்களை ஐசோபுரோப்பைல் அல்ககோலால் துடையுங்கள். பாதி அழிந்திருந்தாலும் அந்தப் பிரதியைப் பத்திரப்படுத்துங்கள்; அதன் பிறகே நல்ல பயோஸ் கோப்பை எழுதுங்கள். தொடரிலக்கமும், பல போர்டுகளில் மேக் முகவரியும் (நெட்வொர்க் அடையாள எண்) அதில்தான். வேறு போர்டின் கோப்பை அப்படியே ஏற்றினால் அவை போய்விடும்.

பழைய போர்டில் என்விஎம்இ (வேகமான எஸ்எஸ்டி வகை) டிரைவர் சேர்க்கிறவர்களுக்கும் இதே ஒழுங்குதான். பயோஸ் கோப்பைத் திருத்தும் யூஇஎஃப்ஐடூல் மென்பொருளில் அந்த டிரைவர் மொடியூலைச் செருகிய பின் கோப்பின் மொத்த அளவு ஒரு பைட்டும் மாறக்கூடாது. எழுதியதும் சரிபாருங்கள். பயோஸின் கையொப்பத்தைச் சோதிக்கும் இன்டெல் பூட் கார்ட் பூட்டிய போர்டு, காக்கப்பட்ட பகுதி மாறினால் கையொப்பம் பொருந்தாமல் எழும்பாது; மாற்றத்துக்கு முன் எடுத்த பிரதியைத் திருப்பி எழுதினால் எழும்பும்.