'பக்க உணவு' வேண்டாம், தொடுகறி இருக்கிறது

பச்சைப் பட்டாணியையும் ஆஸ்பரகஸ் என்ற தண்டுக் காயையும் பேக்கன் என்ற பன்றிக்கறியோடு வதக்கும் எளிய மேல்நாட்டுச் சமையல் குறிப்பு ஒன்றைத் தமிழில் படித்தேன். செய்முறையில் குறை இல்லை. கடைசி வரிதான் உறுத்தியது: 'சுட்ட கோழியுடன் பக்க உணவாகப் பரிமாறவும்.' சமையல் காணொளி, உணவக மெனு அட்டை என்று எங்கே பார்த்தாலும் இப்போது இந்தப் 'பக்க உணவு'தான். சைடு டிஷ் என்பதன் இரண்டு சொற்களையும் தனித்தனியே பெயர்த்து ஒட்டியிருக்கிறார்கள்.

தமிழில் இதற்குத் தொடுகறி என்ற சொல் உண்டு. தொட்டுக்கொள்ளும் கறி. சங்கப் பாடல்களில் கறி என்றால் பெரும்பாலும் மிளகு. பின்னால் சமைத்த காயையும் இறைச்சியையும் குறிப்பதே வழக்கமானது. செட்டிநாட்டுப் பக்கம் வெஞ்சனம் என்பார்கள். வடமொழி வியஞ்சனத்தின் திரிபு அது. 'குழம்பு ஆச்சு, வெஞ்சனம் என்ன, ஆச்சி?' என்று காரைக்குடியில் கேட்டால் துவட்டல், வெண்டைக்காய் மண்டி, பச்சடி என்று ஏதாவது பதில் வரும்.

'பக்க உணவு' ஏன் தவறு? பக்கம் என்பது தட்டில் அது இருக்கும் இடத்தைத்தான் சொல்கிறது. நடுவில் இறைச்சி, ஓரத்தில் காய் என்று வைப்பவர்களுக்கு அது பொருந்தும். நம் இலையில் பொரியலும் கூட்டும் மேல்பாதியில், சோறு கீழ்ப்பாதியில். நம் சொல் இடத்தைப் பார்க்கவில்லை, எப்படிச் சாப்பிடுகிறோம் என்பதைப் பார்த்தது. இன்னொன்று, 'பக்க விளைவு' என்று மருந்துச் சீட்டில் படித்துப் பழகிய காதுக்குப் பக்க உணவு என்றால் வேண்டாத ஒன்று ஒட்டிக்கொண்டு வந்ததுபோல் கேட்கிறது.

'இணை உணவு' என்று எழுதுபவர்களும் உண்டு. அது அங்கன்வாடியில் கொடுக்கும் சத்துமாவின் பெயர். தாய்மார்கள் நன்றாக அறிந்த சொல்லை இங்கே இழுத்து வந்து ஏன் குழப்ப வேண்டும்?

கோழியோடு சாப்பிடும் பட்டாணியை யாரும் தொட்டுக்கொள்வதில்லையே என்று ஒரு நண்பர் கேட்டார். சரி, வெண்டைக்காய்ப் பொரியலை யார் தொடுகிறார்கள்? அள்ளித்தான் சாப்பிடுகிறோம். ஆனாலும் 'சோத்துக்குத் தொட்டுக்க என்ன?' என்றுதான் கேட்கிறோம். இட்லியோ புரோட்டாவோ கோழியோ, முதன்மையாக எது இருக்கிறதோ அதற்குத் துணை போவது தொடுகறி. கறி என்றால் ஆட்டுக்கறி என்று நினைத்துவிடுவார்கள் என்ற பயமும் வேண்டாம். காய்கறிக் கடையில் யாரும் ஆட்டுக்கறி கேட்பதில்லை.

வெஞ்சனம் வடசொல் என்று அதைத் தள்ளுபவர்கள் 'பக்க உணவை'த் தூய தமிழ் என்கிறார்கள். எனக்கு இது ஏற்கவே முடியாத கணக்கு. கஞ்சிக்கு வெஞ்சனமாகச் சுண்டவற்றலை வறுத்து வைத்த வீடுகளில் அந்தச் சொல் தமிழாகவே ஆகிவிட்டது. ஆங்கிலத்தின் எலும்புக்கூட்டுக்குத் தமிழ்த் தோல் போர்த்தியதுதான் 'பக்க உணவு'. பொதுவில் எழுதும்போது தொடுகறி என்பேன். செட்டிநாட்டுக்காரர்களுக்கு எழுதினால் வெஞ்சனம் என்பேன்.

அதே குறிப்பில் பேக்கன் 'பன்றிக் கொழுப்பு' ஆகியிருக்கிறது. பேக்கன் உப்பிட்டுப் பதப்படுத்திய பன்றிக்கறி. பெரும்பாலும் புகையும் காட்டுவார்கள். சிறு துண்டாக்கிச் சூடேறாத வாணலியில் போட்டு, சிறு தீயில் வைத்தால் கொழுப்பு உருகி இறங்கும், கறி மொறுமொறுப்பாகும். அந்தக் கொழுப்பிலேயே காய் வதங்கும். வெறும் கொழுப்பை வாங்கி வருபவருக்கு மொறுமொறுக்க என்ன மிஞ்சும்? உப்புக்கண்டம் என்றும் எழுதக் கூடாது. நம் உப்புக்கண்டம் ஆட்டுக்கறியை மஞ்சளும் மிளகாயும் உப்பும் தடவிக் கயிற்றில் கோத்து வெயிலில் காயவைப்பது. ருசியும் வேறு, பதமும் வேறு. பேக்கனைப் பேக்கன் என்றே விடலாம். ஆஸ்பரகஸையும் அப்படியே விடலாம். தண்ணீர்விட்டான் என்ற மூலிகை அதன் இனம்தான், ஆனால் நாம் மருந்துக்கு எடுப்பது கிழங்கு, மேல்நாட்டார் சமைப்பது இளந்தண்டு.

எல்லாவற்றையும்விட எரிச்சல் 'வசந்த வெங்காயம்'. ஸ்பிரிங் ஆனியனாம். காரைக்குடிச் சந்தையில் அப்படிக் கேட்டால் கடைக்காரர் விழிப்பார். வெங்காயத்தாள் என்று சொன்னால் கட்டோடு எடுத்துக் கொடுப்பார். மொழிபெயர்ப்பவர்கள் எழுதுவதற்கு முன் அந்தக் கடைக்காரரிடம் ஒரு வார்த்தை கேட்கலாம்.